மெழுகுக்குள் இருந்த துண்டு

ஒளி ஊடுருவ முடியாத எதையும் நுணுக்குக்காட்டியின் கீழ் வைப்பதில் பயனில்லை. தண்டோ, வேரோ, விலங்கின் ஈரலோ, எதுவானாலும் முதலில் அதை ஒளி கடந்து செல்லும் மெல்லிய தகடாக்கிக்கொள்ள வேண்டும். அட்டனில் நான் தாவரவியல் கற்பித்த பாடசாலையில் உயர்தர வகுப்பின் செய்முறைப் பாடம் ஒவ்வோர் ஆண்டும் இந்த வேலையுடன்தான் தொடங்கும். அதற்கு வேண்டியவை ஒரு சவர அலகும் ஒரு கரட் கிழங்கும். கரட்டை நீளவாக்கில் பிளந்து, இலையையோ இளந்தண்டையோ அந்தப் பிளவுக்குள் வைத்து, இரண்டையும் சேர்த்து இடக்கை விரல்களால் இறுகப் பிடிக்க வேண்டும். அலகைத் தண்ணீரில் நனைத்து, ஒரே இழுப்பில் தன் பக்கமாக இழுக்க வேண்டும். அழுத்தினால் கலங்கள், அதாவது உயிரணுக்கள், நசுங்கும். தயங்கினால் தகடு தடித்துவிடும். வெட்டியவற்றைத் தண்ணீரில் மிதக்கவிட்டு, இருக்கிறதா இல்லையா என்று கண் ஐயுறும் ஒன்றைத் தூரிகையால் ஏந்தி எடுக்க வேண்டும். முழு வட்டமாக அழகாக வந்த தகடு பெரும்பாலும் உதவாது. ஒரு பக்கம் தடித்து மறுபக்கம் தேய்ந்து மறையும் குறைத்தகட்டின் ஓரத்திலேயே நாம் தேடுவது இருக்கும்.

நுவரெலியாக் கரட்டுக்கு அட்டன் சந்தையில் என்றும் குறைவில்லை. பாடம் முடிந்ததும் எஞ்சியவை ஆசிரியர் ஓய்வறைக்குப் போய்ச் சேரும். அடுத்த அறையில் விலங்கியல் கற்பித்த என் மனைவி அதைக் காணும்போதெல்லாம், “உங்க பாடம் முடிஞ்சா சம்பல் போடலாம். எங்க பாடம் முடிஞ்சா குழிதான் தோண்டணும்,” என்பார். அவருடைய மாணவர்கள் அறுத்துப் பார்த்த தேரைகளைப் பாடசாலையின் பின்புறத்தில், தேயிலை தொடங்கும் இடத்தில், புதைப்பது வழக்கம்.

அவர் அட்டன் கடைத்தெருவில் புடவைக்கடை வைத்திருந்த குடும்பத்தில் பிறந்தவர். நான் யாழ்ப்பாணத்திலிருந்து ஆசிரிய நியமனத்தில் மலைக்கு வந்து, திரும்பிப் போகாமல் தங்கிவிட்டவன். அவருடைய தமிழும் என்னுடைய தமிழும் கடைசிவரை ஒன்றாகவில்லை. நான் சண்டை பிடிப்பதுகூட வானொலியில் செய்தி வாசிப்பது போலிருக்கிறது என்று அவர் சொல்வதுண்டு.

அவர் இறந்து இன்னும் ஓராண்டு நிறையவில்லை. முப்பத்தோராம் நாள் வெளியிட்ட நினைவு மலரில் பலரும் எழுதினார்கள், நான் எழுதவில்லை. புகழுரை எனக்குக் கைவரவில்லை. மெல்லிய வெட்டுமுகங்களைப் பற்றி எழுத வரும். ஆகவே தொண்ணூறுகளின் பிற்பகுதியில் அவருடைய உடலிலிருந்து எடுத்து வெட்டப்பட்ட ஒரு துண்டைப் பற்றி எழுதுகிறேன்.

அவருடைய கழுத்தின் இடப்பக்கத்தில், காறையெலும்புக்குச் சற்று மேலே, ஒரு கட்டி தோன்றியது. அதைக் கண்டுபிடித்தவர் அவரே. “நிணநீர்க் கணு வீங்கியிருக்கு. வலி இல்ல. அதுதான் எனக்குப் புடிக்கல,” என்று, யாரோ ஒருவரின் கழுத்தைப் பற்றிப் பேசுவதுபோல் சொன்னார். மாலை நேரங்களில் இலேசான காய்ச்சல் வந்தது. சட்டைகள் தளர்ந்தன. அட்டனில் நாங்கள் பார்த்த சத்திரசிகிச்சை மருத்துவர் இரண்டு சாத்தியங்களைக் கூறினார். ஒன்று கசநோய், மாத்திரைகளைத் தவறாமல் விழுங்கினால் குணமாகும். மற்றது நிணநீர்க் கணுக்களில் தோன்றும் புற்றுநோய். வெளியிலிருந்து பார்க்கையில் இரண்டும் ஒரே விதமாகவே தொடங்கும் என்றும், துண்டெடுத்து வெட்டிப் பார்த்தாலன்றித் தம்மால் எதுவும் சொல்ல முடியாது என்றும் அவர் சொன்னார்.

வெளியே வந்ததும் மனைவி, “டீபீ வேணும்னு சாமிகிட்ட கேக்கப்போற மொத ஆளு நானாத்தான் இருப்பேன்,” என்றார்.

“கும்பிடேக்க சத்தமாக் கேளாதையும். பக்கத்தில நிக்கிறவை ஓடிப்போயிடுவினம்,” என்றேன்.

அவர் சிரித்தார். பிறகு சிரிப்பதை நிறுத்திவிட்டு என் முகத்தைப் பார்த்தார். நான் வேடிக்கையாகப் பேசுவது அரிது. எனக்கு எவ்வளவு பயம் என்பதை அவர் அதிலிருந்தே கணித்திருக்க வேண்டும்.

கணு ஒரு பெரிய இரத்த நாளத்தோடு ஒட்டிக்கிடந்தது. ஆகவே மருத்துவரால் அதை முழுதாக எடுக்க முடியவில்லை. ஓரத்திலிருந்து ஒரு பயறளவு மட்டுமே வெட்டியெடுத்தார். இரண்டாம் முறை அங்கே கத்தி வைக்கத் தமக்கு விருப்பமில்லை என்று என்னிடம் தனியே சொன்னார். பின்னர் அந்தத் துண்டை, பதப்படுத்தும் திரவமான போமலின் நிரப்பிய சிறு போத்தலில் இட்டு என் கையில் தந்தார். அந்நாட்களில் அதுவே வழக்கம். துண்டுகளை வெட்டிப் பார்க்கும் ஆய்வுகூடம் கண்டியில் இருந்தது. போத்தலை அங்கே கொண்டுபோய்ச் சேர்ப்பது நோயாளியின் வீட்டாருடைய பொறுப்பு. எங்கள் விடயத்தில் நோயாளியும் கூடவே வந்தார்.

“என்னைய விட்டுட்டு என்னைய எங்க கொண்டு போறீங்க?” என்று கேட்டு, கழுத்தில் கட்டுடன் பேருந்தின் ஜன்னலோரத்தில் உட்கார்ந்துகொண்டார்.

கினிகத்தனையில் மழை பெய்தது. கம்பளையைத் தாண்டியபோது வெயில் அடித்தது. போர்க்காலம் அது, கண்டிக்கு அண்மையில் ஒரு சோதனைச் சாவடியில் எல்லோரையும் இறக்கினார்கள். என் அடையாள அட்டையில் பிறந்த இடம் யாழ்ப்பாணம் என்றிருந்ததால் இத்தகைய இடங்களில் நான் வரிசையின் பக்கவாட்டில் நின்று பழகியவன். அன்று கையில் செய்தித்தாளில் சுற்றிய போத்தலொன்றும் இருந்தது. இளம் பொலிஸ்காரரொருவர் அதைச் சுட்டி, “மேக்கே மொனவத?” என்றார். இதற்குள் என்ன என்று கேட்கிறார். இழையம், திசு என்பதற்குச் சிங்களத்தில் என்ன சொல் என்று நான் தேடிக்கொண்டிருக்கையில் மனைவி முந்திக்கொண்டார்.

“மகே பெல்லே கெடியக், மஹத்தயா,” என்றார். என் கழுத்துக் கட்டி, ஐயா.

பொலிஸ்காரர் நம்பவில்லை. மூடியைத் திருகித் திறந்து மூக்கருகே கொண்டுபோனார். போமலின் தன் வேலையைச் செய்தது. கண்ணீர் வழிய மூடியை இறுக்கித் திருப்பித் தந்தவர், என் மனைவியின் கழுத்திலிருந்த கட்டையும் போத்தலையும் மாறி மாறிப் பார்த்தார். தம் கழுத்தை ஒரு தடவை தொட்டுப் பார்த்துக்கொண்டார். பிறகு போகும்படி கையசைத்தார். என் அடையாள அட்டையைக் கேட்க அவருக்குத் தோன்றவேயில்லை.

பேருந்து மீண்டும் புறப்பட்டதும் மனைவி என் காதருகே குனிந்தார். “உங்களோட இந்த ரோட்டுல எத்தன தடவ போயிருக்கேன். ஒரு தடவையாச்சும் இவ்வளவு சீக்கிரம் விட்டுருக்காங்களா? இத லெபாரட்டரிக்குக் குடுக்காம நாமளே வச்சிக்குவோம்ங்க.”

போத்தலைக் கொடுத்துவிட்டு வந்தபின் தொடங்கிய காத்திருப்பில் அவருக்கு ஒரு பழக்கம் ஏற்பட்டது. காலையில் பாடசாலைக்குப் புறப்படும்போது, “இன்னைக்கி நான் எங்க இருப்பேன்?” என்று கேட்பார். அவர் கேட்டது துண்டைப் பற்றி. மென்மையான இழையத்தைக் கத்தியால் அப்படியே மெல்லிதாக வெட்ட முடியாது. அது வழுக்கி நழுவும். தாவரவியலில் கரட் செய்யும் வேலையை அங்கே மெழுகு செய்கிறது. ஆனால் மெழுகு தண்ணீரோடு சேராது. ஆகவே துண்டிலுள்ள நீரை அற்ககோலால் படிப்படியாக வெளியேற்ற வேண்டும். பிறகு அற்ககோலைச் சைலீன் என்னும் கரைப்பானால் வெளியேற்ற வேண்டும். கடைசியில் சைலீன் இருந்த இடத்திலெல்லாம் உருகிய மெழுகு புகுந்துகொள்ள வேண்டும். குளிர்ந்தபின் துண்டும் மெழுகும் ஒரே கட்டியாக நிற்கும். இதை அவரும் நன்கறிவார். இருந்தும் என் வாயால் கேட்க விரும்பினார்.

“இண்டைக்கு அற்ககோலில நிப்பீர்,” என்று ஒரு நாள் சொன்னேன்.

“நம்ம கடைத்தெருவுலயே சாராயம் தொடாத குடும்பம் எங்க குடும்பம். என்னையக் கொண்டுபோய் அதுலயே முக்கிட்டாங்களே,” என்றார்.

கேள்வியின் விசித்திரம் எனக்குப் பிடித்திருந்தது. கழுத்திலிருந்து எடுத்த பயறளவு இழையம் அவர்தானா? எடுத்த கணத்தில் உயிரோடிருந்த அதன் கலங்கள் போமலினில் விழுந்ததும் இருந்த நிலையிலேயே நின்றுவிட்டன. எங்களுக்கு வேண்டியிருந்ததும் அந்த நிற்றல்தான். அவருக்குள் இன்னும் நடந்துகொண்டிருந்த ஏதோ ஒன்று, அந்தத் துண்டில் நடந்துகொண்டிருந்தபடியே நிறுத்தி வைக்கப்பட்டிருந்தது.

சில வாரங்களின் பின் அட்டன் மருத்துவர் எங்களை அழைத்தார். கண்டியில் பார்த்தவர்களால் முடிவு சொல்ல இயலவில்லை. வெட்டிய தகடுகளில் பெரும்பகுதி, எடுக்கும்போது இடுக்கியின் பிடியில் நசுங்கிய இழையம். ஒரு மூலையில் மட்டும் சந்தேகத்துக்கிடமான கலங்களின் சிறு கூட்டம் தெரிந்தது. அது கசநோயின் தொடக்கமாக இருக்கலாம், மற்றதாகவும் இருக்கலாம். மெழுகுக்கட்டியில் எஞ்சியிருப்பதை இன்னும் ஆழமாக வெட்டிப் பார்க்கப் போகிறார்கள் என்றார்.

அன்று மதியச் சாப்பாட்டில் அவித்த முட்டை இருந்தது. மனைவி கத்தியை எடுத்து முட்டையின் ஒரு நுனியை மட்டும் மெல்லிதாகச் சீவி என் தட்டின் ஓரத்தில் வைத்தார்.

“பாருங்க, சுத்தமான வெள்ள. மஞ்சக்கரு இல்லாத முட்ட. இதுதான் அவுங்க முடிவு.” இன்னொரு சீவல் சீவினார். “இதுலயும் இல்ல.” மூன்றாவதில் மஞ்சளின் விளிம்பு ஒரு பொட்டாகத் தெரிந்தது. “இந்தா வந்துருச்சு. இப்ப இது மஞ்சக்கருவா, இல்ல முட்ட கெட்டுப்போச்சா? அதத்தான் கேக்குறாங்க.”

“இன்னும் கீழ வெட்ட வேணும்,” என்றேன்.

“வெட்டுறாங்க, சரி. நீங்க என்னாத்துக்கு மொகத்த இப்படி வச்சிருக்கீங்க?”

என் கவலை வேறு. பல்கலைக்கழகத்தில் தேயிலைத் தண்டு நோயொன்றை ஆராய்ந்த காலத்தில் மைக்ரோடோம் என்னும் நுண்வெட்டியோடு நீண்ட நாட்களைக் கழித்திருக்கிறேன். மெழுகுக்கட்டியை அதன் பிடியில் பொருத்திக் கைச்சக்கரமான சில்லைச் சுற்றினால், கட்டி மேலும் கீழுமாக அசைந்து, அசையாமல் நிற்கும் கத்தியில் ஒவ்வொரு தடவையும் ஒரு தகட்டை இழக்கும். வெட்டி முடித்துக் கட்டியைக் கழற்றிவிட்டு வேறொரு நாள் மீண்டும் பொருத்தினால், அது முன்பிருந்த அதே சாய்வில் உட்காராது. மயிரிழையளவு கோணியிருக்கும். எனவே கத்தி முழு முகத்தையும் தொடுவதற்கு முன் ஏதாவதொரு மூலையை மட்டும் சீவிக்கொண்டு போகும். முழு முகம் கிடைக்கும்வரை சீவப்படுபவை குப்பைக்கூடைக்குரியவை. பெரிய துண்டானால் இந்த இழப்பைப் பொருட்படுத்த வேண்டியதில்லை. எங்களுடையதோ பயறளவிலும் எஞ்சிய மீதி. அதில் நாங்கள் தேடும் கூட்டம் இருந்ததும் ஒரு மூலையில். ஆய்வுகூடங்களின் நடைமுறையை நான் அறிவேன். முதலில் சில தகடுகளை வெட்டிச் சாதாரணச் சாயம் ஏற்றுவார்கள். பார்த்தபின், கசநோய்க் கிருமிக்கான தனிச் சாயம் வேண்டுமென்று மருத்துவர் கேட்டால், கட்டியை மறுபடி பொருத்துவார்கள். மறுபடி ஒரு மூலை போகும்.

இதை அவருக்கு விளக்கினேன். அவர் முட்டையைச் சாப்பிடாமல் கேட்டுக்கொண்டிருந்தார்.

“மொதல் தடவ வெட்டுனதுக்கப்புறம் கழட்டியிருப்பாங்களா?”

“கழட்டித்தான் இருப்பினம்.”

“அப்ப இந்தத் தடவ போடும்போது ஒரு மூல போகும்.”

“போகும்.”

“அடுத்த தடவ இன்னொரு மூல.”

அவர் கத்தியைக் கழுவி வைத்துவிட்டு, “அப்ப நாளைக்கே போறோம்,” என்றார்.

கண்டியில் நோயியல் நிபுணராக இருந்தவர் நடுவயதுப் பெண்மணி. நான் ஆங்கிலத்தில் சொன்னதைப் பொறுமையாகக் கேட்டார். எஞ்சியது முழுவதையும் ஒரே தடவையில் வெட்டி, ஒரு தகட்டையும் வீசாமல் கண்ணாடியில் ஏற்றி வைக்க வேண்டும் என்பதே என் கோரிக்கை. அது நியாயம்தான் என்றார் அவர். ஆனால் இயந்திரத்தில் உட்காருபவர் தாமல்ல, அவரிடமே பேசுங்கள் என்று உள்ளறையைக் காட்டினார். சொல்லும்போது அவருடைய புருவம் சற்று உயர்ந்தது.

உள்ளே இருந்த தொழில்நுட்பவியலாளர் பருத்த உடலும் நரைத்த மீசையும் கொண்ட சிங்களவர். தமிழ்க் கடைகளின் நடுவே வளர்ந்ததால் தமிழைத் தயக்கமின்றிப் பேசினார். என் விளக்கத்தை அவர் பாதிவரை கேட்டார். தேயிலைத் தண்டுகளை நானே வெட்டியிருக்கிறேன் என்று நான் சொன்னதுதான் தவறாகப் போயிற்று.

“மேக்க தே கஹக் நெவெய், சேர்,” என்றார். இது தேயிலைச் செடியல்ல. பிறகு தமிழுக்கு மாறி, “சேர் புத்தகம் படிச்சது. நான் மெசின் படிச்சது. எல்லாத்தையும் வெட்டி வைச்சா இங்க கண்ணாடிக்கு எங்க போறது? மத்த நோயாளி எல்லாம் லைன்ல,” என்றார்.

கோட்பாட்டளவில் அவரை மறுக்க நான் வாயெடுத்தேன். மனைவி என் முழங்கையைப் பிடித்து ஓரடி பின்னால் இழுத்தார்.

“சேர் அப்படித்தான், மஹத்தயா. வீட்டுலயும் பாடந்தான் நடத்துவாரு,” என்று தொடங்கினார். “எங்க வீட்டுல புடவைக்கடை. சீத்தத்துணிச் சுருள்ல ஒரு ஆளுக்கு வெட்டிக் குடுத்தா, மிச்சம் இருக்கிற முனை கோணிக்கிட்டு நிக்கும். அடுத்த ஆளு வந்தா நேராக்கிட்டுத்தான் அளக்கணும். நேராக்க ஒரு துண்டு வெட்டி எறியணும். ஆளுக்கு ஆள் இப்படி எறிஞ்சா கடைசியில ஒரு புள்ளைக்குச் சட்ட தைக்கிற துணி கீழ கெடக்கும். அதனால சுருள் முடியப்போகுதுன்னா எங்க அப்பா பிரிச்சு விக்கவே மாட்டாரு. மொத்தமா எடுத்துக்கங்கம்பாரு.” தம் கழுத்தைத் தொட்டுக் காட்டினார். “இது முடியப்போற சுருள். மொத்தமா எடுத்துக்கிறதுக்கு நான் வந்திருக்கேன்.”

அந்த மனிதர் மீசைக்குள் சிரித்தார். “கண்ணாடி?”

மனைவி கைப்பையைத் திறந்து, நுணுக்குக்காட்டிக்கான புதிய கண்ணாடி வழுக்கிகள் அடங்கிய பெட்டிகளை ஒவ்வொன்றாக மேசையில் அடுக்கினார். தம் வகுப்புக்கெனச் சொந்தப் பணத்தில் வாங்கி வைத்திருந்தவை. அவற்றைக் கொண்டுவந்திருக்கிறார் என்பது எனக்கே அப்போதுதான் தெரியும்.

“டீச்சர் கடக்கார வீட்டுப் பொண்ணுதான்,” என்று சொல்லி அவர் எழுந்து, பனிக்கட்டித் தட்டிலிருந்து மெழுகுக்கட்டியை எடுத்தார். போகச் சொல்லவுமில்லை, நிற்கச் சொல்லவுமில்லை. நாங்கள் நின்றோம்.

சவர்க்காரத் துண்டு போன்ற வெண்மையான கட்டி. நடுவில் சாம்பல் நிறத்தில் ஒரு மங்கல், அதுவே அவர். கட்டியைப் பிடியில் பொருத்தி, கண்ணைக் கத்தியின் மட்டத்துக்கு இறக்கி, திருகாணிகளை முன்னும் பின்னும் சிறிது சிறிதாகத் திருப்பி அந்த மனிதர் சாய்வைச் சரிப்படுத்தினார். தேயிலைத் தண்டுகளுக்கு நான் செலவிட்டதைவிட நீண்ட நேரம் அவர் அதற்குச் செலவிட்டார். பின் சில்லைச் சுற்றினார். முதற்சுற்றில் கத்தி ஓரத்தை மட்டும் தொட்டது. பிறைபோன்ற ஒரு துணுக்கு கத்தியின் முனையில் சுருண்டு நின்றது. வழமையாக எறியப்படும் அதை அவர் தூரிகையால் தொட்டெடுத்துத் தண்ணீரில் இட்டார். என் பக்கம் திரும்பவில்லை. ஆனால் நான் பார்ப்பதை அறிந்தே செய்தார்.

சில சுற்றுகளின் பின் தகடுகள் ஒன்றன் விளிம்பை ஒன்று பற்றிக்கொண்டு நாடாவாக இறங்கத் தொடங்கின. அவர் இடையிடையே சில்லை நிறுத்தி, கட்டியின் முகத்தில் வாயால் மெதுவாக ஆவி ஊதினார். மெழுகு அதிகம் குளிர்ந்திருந்தால் தகடுகள் சுருளும். மூச்சின் ஈரமும் சூடும் அவற்றை இணங்க வைக்கும். எந்தக் கருவியும் அந்த வேலையை அவ்வளவு அளவாகச் செய்யாது. ஆனால் நாடாவை ஏந்தும் நேரத்தில் அதே மூச்சு பகையாகிவிடும். ஒரு தும்மல் போதும், எல்லாம் பறந்துவிடும். ஆகவே ஊதும்போது தவிர மற்ற வேளைகளில் அவர் மூச்சை அடக்கியே வைத்திருந்தார். திரும்பிப் பார்த்தேன். மனைவியும் மூச்சை அடக்கிக்கொண்டு நின்றார். நானும் அவ்வாறே நின்றிருந்தேன் என்பது மார்பு வலித்தபோதுதான் தெரிந்தது.

வெதுவெதுப்பான தண்ணீர்த் தட்டில் நாடா மிதந்தது. சுருக்கங்கள் தாமாகவே விரிந்தன. மெழுகின் நடுவே நிறமற்ற ஒரு வடிவம், தகடு தகடாக, ஏறத்தாழ ஒன்றுபோலவும் ஒருபோதும் ஒன்றாக இல்லாமலும் தொடர்ந்தது. மனைவி தட்டின் மேல் குனிந்தார்.

“வெங்காயத் தோலவிட மெல்லிசா இருக்கேன்,” என்றார். பிறகு, “இதுல எதுல இருக்கு?” என்று கேட்டார். யாரையும் பார்த்துக் கேட்கவில்லை.

வெட்டுதல் நீண்டது. சாம்பல் நிற மங்கல் கட்டியில் குறுகி, புள்ளியாகி, ஒரு கட்டத்தில் இல்லாமற்போயிற்று. அந்த மனிதர் சில்லை நிறுத்திக் கட்டியைக் கழற்றி வெளிச்சத்தில் பிடித்துக் காட்டினார். வெறும் மெழுகு.

“முடிஞ்சது டீச்சர். ஒண்ணும் மிச்சமில்ல.”

கண்ணாடிகள் மரத்தட்டுகளில் வரிசையாகக் கிடந்தன. இருந்தது எல்லாம் அவற்றில் இருந்தது. அவற்றில் பதில் இல்லையென்றால் மறுபடியும் வெட்டுவதற்கு மெழுகில் எதுவும் இல்லை. கழுத்திலேயே, அந்த நாளத்தின் அருகிலேயே, மீண்டும் கத்தி வைக்க வேண்டும். என் பிடிவாதம் எங்களை அந்த நிலைக்குக் கொண்டுவந்திருந்தது. திரும்பும் வழியில் நான் இதைச் சொன்னேன். “மொத்தமா எடுத்துக்கிறேன்னு சொன்னது நான். நீங்க இல்ல,” என்று சொல்லிவிட்டு அவர் கம்பளை வரை உறங்கினார்.

மீண்டும் அழைப்பு வந்தபோது அட்டன் மருத்துவர் மூலமாக வரவில்லை. கண்டி நிபுணரே பாடசாலைக்குத் தொலைபேசியில் பேசினார். முடிவைச் சொல்லவில்லை, இருவரும் வந்து பார்த்தால் நல்லது என்றார். அதிபரின் அறையில் தொலைபேசியை வைத்துவிட்டு மனைவி என்னைப் பார்த்தார். நல்ல செய்தியானால் தொலைபேசியிலேயே சொல்லியிருப்பார் என்று நான் நினைத்தேன். மனைவியும் அதையே நினைத்திருக்க வேண்டும்.

நிபுணரின் அறையில் நுணுக்குக்காட்டியின் விளக்கு எரிந்துகொண்டிருந்தது. “டீச்சர், நீங்களே பாருங்கள். உங்களுக்கு விளக்கம் தேவைப்படாது,” என்றார் ஆங்கிலத்தில். தொலைபேசியில் சொல்லாததன் காரணம் அவ்வளவுதான். ஒரு விலங்கியல் ஆசிரியை தம் கண்ணாலேயே பார்க்க விரும்புவார் என்று அவர் எண்ணியிருக்கிறார்.

மனைவி கண்ணை வைத்தார். கசநோய்க்குரிய சாயத்தில் இழையம் முழுவதும் நீலமாகும். கிருமி மட்டும் சிவப்பாக நிற்கும். அதிக உருப்பெருக்கத்தில் புலம் மிகக் குறுகியது. நிணநீர்க் கணுவில் கிருமிகள் மிக அரிதாகவே அகப்படும். ஒன்றைத் தேடித் தகடு தகடாக நாள் முழுதும் நகர்த்த நேரிடும்.

“நீலமாத்தான் இருக்கு,” என்றார். “எல்லாம் நீலம்... இருங்க. ஆ.”

அவருடைய கை மேசையின் விளிம்பைப் பற்றியது.

“இந்தா இருக்கான். செவப்பா, கொஞ்சம் வளைஞ்சு. பக்கத்துலயே இன்னொருத்தன். ரெண்டு பேரும் சோடியாத்தான் இருக்காங்க.” எழாமலே என்னை அழைத்தார். “வாங்க, வந்து பாருங்க. டீபீங்க. டீபீதான்.”

அந்தச் சொல்லை அவ்வளவு மகிழ்ச்சியோடு உச்சரித்த வேறொருவரை நான் அறியேன். நிபுணர் ஜன்னல் பக்கமாகத் திரும்பிக்கொண்டார்.

நான் குனிந்து பார்த்தேன். கலங்கிய நீலம் மட்டும் தெரிந்தது. குவியத்தைத் திருகினேன்.

“அத ஏன் திருகுறீங்க? நான் சரியாத்தான் வச்சிருந்தேன்.”

அவர் சரியாகவே வைத்திருந்தார். மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்து, மீண்டும் அணிந்து, குவியத்தை முன்பிருந்த இடத்துக்குக் கொண்டுவந்தபின் அந்தச் சிவப்புக் கோல்கள் தெரிந்தன. நூலின் துணுக்குகள் போன்றவை. அவற்றைச் சூழ்ந்து அவருடைய கலங்கள், அவற்றை வளைத்துப் பிடிக்க முயன்ற நிலையிலேயே நின்றிருந்தன.

எந்தத் தகட்டில் இது அகப்பட்டது என்று கேட்டேன். நாடாவின் நடுப்பகுதியில் என்றார் நிபுணர். வழமையான முறையில் வெட்டியிருந்தாலும் அகப்பட்டிருக்குமா என்று கேட்டேன். அகப்பட்டிருக்கலாம், சீவலோடு போயிருக்கலாம், தம்மால் சொல்ல முடியாது என்றார். அந்த விடையை நான் பல ஆண்டுகள் திருப்பித் திருப்பிப் பார்த்திருக்கிறேன். அதைச் சோதித்தறிய வழியில்லை. ஒரு துண்டை ஒரு விதமாக மட்டுமே வெட்ட முடியும்.

மாத்திரைகளை அவர் ஒரு நாளும் தவறவிடவில்லை. கட்டி வற்றியது. அதன் பிறகு நீண்ட பல ஆண்டுகள் எங்களுக்குக் கிடைத்தன. அவர் தேரைகளும் நான் கரட்டுகளுமாக ஓய்வு வரை அதே பாடசாலையில் இருந்தோம். அவருடைய மரணம் வேறு காரணத்தால் வந்தது. எதையும் எடுத்து வெட்டிப் பார்க்க இடமளிக்காத விரைவில் வந்தது.

ஆனால் அன்று நிபுணரின் அறையில் நான் நிமிர்ந்ததும் மனைவி என் தோளைத் தட்டினார்.

“தள்ளுங்க. இன்னொருக்கா பாக்கணும்.”

மறுபடி உட்கார்ந்து கண்ணை வைத்தார். மேடையின் திருகாணியை மிக மெதுவாக நகர்த்தி, கிருமிகளை விட்டு அப்பால் சென்றார். நோயில்லாத பகுதிகளை, ஒன்றுமில்லாத ஓரங்களை, இழையம் முடிந்து வெறுங்கண்ணாடி தொடங்கும் விளிம்பை எல்லாம் பார்த்துக்கொண்டே போனார். நிபுணர் வெளியே செல்ல வேண்டியவர். கைப்பையை எடுத்துத் தோளில் மாட்டிக்கொண்டு காத்திருந்தார். போவோமா என்று நான் கேட்டேன்.

“இருங்க,” என்றார், கண்ணை எடுக்காமல். “இன்னும் கொஞ்சம் இருக்கு.”